மனதுக்குள் படித்த பேப்பர்

பிரிக்பீல்ட்ஸ், 1932 ஐப்பசி, ஞாயிறு இரவு

சிங்கப்பூரில் அந்தக் காலேஜ் லைப்ரரியைப் பார்க்காமலே வந்திருக்கலாம். அத்தனை பேர் உட்கார்ந்திருந்தும் ஒரு சத்தமில்லை. நம் வாசகசாலையும் அப்படி இருக்க வேண்டும் என்று அன்றே தோன்றிவிட்டது. காரியதரிசி நான்தானே, யாரைக் கேட்க வேண்டும்? இன்று காலை ‘சத்தம் கூடாது’ என்று பலகை எழுதி மாட்டினேன்.

மாலையில் ரயில்வே பட்டறை முனியாண்டி வந்தார். வழக்கம்போல் கூலி லயத்து ஆட்கள் பின்னாலேயே வந்து தரையில் உட்கார்ந்தார்கள். அவர் பேப்பரை விரித்து உரக்கப் படிக்கத் தொடங்கினார். நான் பலகையைக் காட்டினேன்.

“மனசுக்குள்ள படிங்கண்ணே. காலேஜுல எல்லாம் அப்படித்தான் படிக்கிறாங்க.”

முனியாண்டி தரையில் இருந்தவர்களைப் பார்த்தார்.

“நான் மனசுக்குள்ள படிச்சா இவங்களுக்கு எப்படிங்கய்யா கேக்கும்?”

அப்போதே பலகையைக் கழற்றியிருக்க வேண்டும். ஆனால் வாசகசாலைக் கமிட்டிக்காரர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். என் வீம்பு விடவில்லை. “ரூல்னா ரூல்தாண்ணே” என்றேன்.

அவர் பேப்பரை மடித்து வைத்தார். எல்லாரும் எழுந்தார்கள். வாசலில் ஒரு கிழவர் அவரிடம் கேட்டது என் காதில் விழுந்தது.

“வேலை போன நம்மள ஊருக்குத் திருப்பி அனுப்புற கப்பலு எப்பன்னு போட்டிருக்கும்னியே, தம்பி?”

விளக்கை அணைக்கும் முன் பேப்பரைப் பிரித்துப் பார்த்தேன். கப்பல் செய்தி இரண்டாம் பக்கத்தில் இருந்தது. வாசகசாலை அந்தக் காலேஜைப் போலவே அமைதியாக இருந்தது. முழுவதையும் மனதுக்குள்ளேயே படித்தேன்.