ராங்கியின் குழி

மார்ச் 4, செவ்வாய்
மாமனாரின் மாட்டுப் பண்ணையிலிருந்து எங்கள் கால்நடை ஆய்வகத்துக்கு ரத்தப் பெட்டி வந்தது. பதினான்கு குழாய்கள், பதினான்கிலும் அவள் கையெழுத்து. ரத்தத்துக்கு முன்னால் எழுத்தைத்தான் பார்த்தேன். எட்டு மாதமாக என் மனைவி எழுதி நான் படிப்பது இவ்வளவுதான்: மாட்டின் எண், தேதி. முட்டுகிற மாடு ஒன்றுக்கு மட்டும் எண் போடாமல் 'ராங்கி' என்று எழுதுவாள்.

மார்ச் 5
மாமாவின் முழங்கால் ஆபரேஷனுக்குப் போனவள். ஒரு மாதம் என்றாள். மூன்றாவது மாதம், "மாடா, நானா?" என்று போனில் கத்தினேன். அதோடு சரி. எனக்கு வாய்தான் எமன்.

மார்ச் 17
அவளே கூப்பிட்டாள். "ராங்கிக்குச் சினை ஊசி போட்டு முப்பத்தஞ்சு நாளாச்சு. ரத்தம் எடுத்து அனுப்பியிருக்கேன். இந்தத் தடவையும் பிடிக்கலேன்னா எல்லா மாட்டையும் வித்துடறேன்னு அப்பா சொல்லிட்டார். அப்புறம் எனக்கு இங்க என்ன வேலை?"

வருகிறேன் என்று சொல்லவில்லை. ஆனாலும் இரண்டு தலையணைக்கும் உறை மாற்றினேன்.

மார்ச் 19
சினை மாட்டின் ரத்தத்தில் ஒரு புரதம் ஊறும். அது இருந்தால் எங்கள் தட்டின் குழியில் மஞ்சள் ஏறும். எவ்வளவு மஞ்சள் என்று ரீடர் கருவி எண்ணாகச் சொல்லும். ராங்கியின் எண் — சினை இல்லை. மாமா மாடுகளை விற்றுவிடுவார். வரப்போகிறாள்!

பிறகுதான் முதல் குழியைப் பார்த்தேன். அதில் ஒப்பிட்டுப் பார்க்க நாங்களே வைக்கும் சினை மாட்டு ரத்தம். அதுவும் 'இல்லை' என்கிறது. தட்டை முன்பின் மாற்றி ரீடருக்குள் தள்ளியிருக்கிறேன். பதினைந்து வருட அனுபவசாலி!

சரியாகத் திருப்பி வைத்தேன். ராங்கியின் குழி நல்ல மஞ்சள். சினைதான்.

மற்றதைத் திருத்திவிட்டு அந்த ஒன்றை மட்டும் விட்டால் யார் கேட்கப்போகிறார்கள்? அதிகாரி பார்க்காமலே கையெழுத்துப் போடுவார். பேனாவைத் திறந்தேன், மூடினேன், திறந்தேன் — ஏண்டா, இப்படியா அவ வரணும்?

பழைய எண்ணை ஒரு கோட்டால் அடித்துப் பக்கத்தில் புதியதை எழுதினேன். அடித்தாலும் பழையது தெரிய வேண்டும். அது இங்கே விதி.

மார்ச் 20
ஒரு தலையணையை அலமாரியில் வைத்தேன்.

மார்ச் 24
அறிக்கை கிடைத்துக் கூப்பிட்டாள். அடித்த எண்ணையும் பார்த்திருக்கிறாள்.

"முதல்ல இல்லைன்னு வந்துச்சா?"

"தட்டை முன்பின் மாத்தி வச்சுட்டேன்."

"அப்படியே அனுப்பியிருந்தா நான் வந்திருப்பேனே."

"வந்திருப்பே. உன் மூஞ்சிய நான் எப்படிப் பாக்கறது?"

அவள் பக்கம் ஒரு மாடு கத்தியது. நீ வேணும் என்று சொல்ல வாய் வரை வந்தது. "ராங்கியப் பாத்துக்கோ" என்றேன். கத்தத் தெரிந்த வாய்க்கு இது தெரியவில்லை.

ஏப்ரல் 1, செவ்வாய்
காலையில் பெட்டி வந்தது. கோணல்மாணல் எழுத்து; அவளுடையது இல்லை. அவசரமாகக் குழாய்களை வெளியே எடுத்தேன். குழாய்களுக்கு அடியில் மாமாவின் சீட்டு:

'எனக்குக் கால் சரியாகி இரண்டு மாதம் ஆகிறது. ராங்கியை நான் பார்த்துக்கொள்கிறேன். செவ்வாய் மத்தியான பஸ்ஸில் அவளை ஏற்றிவிடுகிறேன். இனி கத்தாதீர்கள்.'

முட்டாள்கள் தினம்; தேதியைப் பார்த்துப் பயந்தேன். ஆனால் மாமாவுக்கு விளையாடத் தெரியாது.

அரை நாள் லீவு எழுதினேன். காரணம்? 'சொந்த வேலை.' வெயில் இறங்குவதற்குள் தலையணையைக் காயப்போட வேண்டும்.