பத்தாவது வரியில் அம்மா

அன்புள்ள அம்மாவுக்கு,

வணக்கம். முழங்கால் வலி தேவலையா? நான் சௌக்கியம். எழுத்து கோணலாக இருந்தால் பயப்படாதே. இங்கே லாண்டரி வேலையில் இஸ்திரிப் பெட்டி விரலை லேசாகச் சுட்டுவிட்டது, அவ்வளவுதான்.

தங்கையின் கல்யாண வரவேற்புக்கு மாமா போட்ட நிகழ்ச்சி நிரல் போனில் வந்தது. வாசலில் நின்று வரவேற்பது அத்தை. மேடையில் முதல் போட்டோ மாமாவும் அத்தையும். பத்தாவது வரியில்தான் நீ: "பந்தி மேற்பார்வை". ஆஸ்பத்திரி வார்டைப் பெருக்கித் துடைத்து அவளை வளர்த்தது யார், அத்தையா?

மாமாவைப் போனில் கிழித்தெடுத்தேன். "எங்கிட்ட ஏன்டா கத்துற? 'புருஷன் இல்லாதவ முன்னால நின்னா நாலு பேரு பேசுவாங்க'ன்னு உங்கம்மாதான் அப்படிப் போடச் சொன்னா" என்றார்.

யார் அம்மா அந்த நாலு பேர்? அவர்களை என்னிடம் பேசச் சொல். இங்கே எனக்குப் பேச்சுத்துணைக்கு ஒரு ஆள் இல்லை.

பத்தாவது வரியை அடித்துவிட்டு முதல் வரியில் உன்னை எழுதச் சொல். தீப்புண்ணுக்கு நீ போடும் களிம்பின் பெயரையும் அனுப்பு.

வேலைக்கு மணி அடித்துவிட்டது. என் கட்டிலுக்கு மேலே சுவரில் ஓர் ஆணி அடித்து வைத்திருக்கிறேன், அந்த முதல் போட்டோவுக்காக. அதில் நீ இல்லையென்றால் ஆணி சும்மாவே இருக்கட்டும்.

கோபம் தீராத
உன் மகன்