தோத்தவ முதல்ல கதைக்கட்டும்

என்ட ஆசை மச்சாள் தவமணிக்கு,

ஆசை எண்டு எழுதிப்போட்டன். அது பொய் இல்ல. ஆனா அதை விடப் பெரிசா ஒண்டு உன் மேல எனக்கு இருந்தது. எரிச்சல். நீ செத்து ஒரு வருசமாகி, உன்ட ஆட்டைத் திவசமும் குடுத்தாச்சு. ஐயர் கேட்ட சாமான் எல்லாம் நான்தான் ஓடி ஓடி வாங்கினன். உனக்குப் பிடிச்ச இறால் பொரியலும் நான்தான் மறுநாள் செஞ்சு படைச்சன். அதுக்குப் பிறகும் அந்த எரிச்சல் போகல்ல, என்ன செய்ய?

ஒரே வகுப்பில படிச்சம். நீ என்ட மாமாட மகள். மறுகா உன்ட அண்ணனை நான் கட்டினன், ரெண்டு வழியாலயும் மச்சாளாப் போனம். கணக்குப் படிப்பிச்ச சேர் செஸ் பலகையைக் கொண்டுவந்து வச்சப்ப ரெண்டு பேரும் ஒண்டாத்தான் போய்க் குந்தினம். முதல் மாசமே உன்னட்டத் தோக்கத் தொடங்கினன். கடைசி வரைக்கும் ஒரு ஆட்டம் வெல்லல்ல. ஒரு நாளாவது விட்டுத்தந்தியா? "விட்டுத்தந்தா உனக்குத்தான்கா மரியாதையில்ல" எண்டு சொல்லிக்கொண்டே என்ட ராணியைத் தூக்கி உன்ட பக்கம் வச்சுக்கொள்ளுவாய்.

இந்தப் பக்கத்தில இருந்து கொழும்புக்குப் பெண்கள் போட்டிக்குப் போன முதல் ஆள் நீ. மண்டப வாசலில நிண்டவர், ஆருக்குத் துணையா வந்த நீங்க எண்டு கேட்டாராம். நீ கிண்ணத்தோட வந்து இறங்கினாய். பேப்பரில படம் வந்தது. கொஞ்ச நாள் கழிச்சுக் களுவாஞ்சிக்குடிச் சந்தையில மீன்காரர் எனக்குச் சூடை மீனைச் சுத்தித் தந்ததும் அந்தப் படத்திலதான். வீட்ட வந்து மீனைக் கழுவினன். பேப்பரையும் கழுவிக் காயப்போட்டு மடிச்சு வச்சன். ஏன் வச்சன் எண்டு என்னைக் கேளாத.

அதுக்குப் பிறகு வெளிநாட்டுக்கும் போனாய். அங்க உஸ்பெகிஸ்தானில இருந்து வந்த ஒரு அம்மாட்டத் தோத்துப்போனாயாம். அவங்கட நாட்டில பொம்புளைகள் ஆடாத காலத்தில முதல் முதல் ஆடி வந்து, பிறகு பெண்பிள்ளைகளைப் பழக்கினவவாம். வெண்டவ எழும்பிப் போகாம இருந்து, கையைக் காட்டி, நீ முதல்ல கதை எண்டாவாம். ஒருத்தர்ட பாஷை மற்றவக்குத் தெரியாது. காயைத் திருப்பித் திருப்பி வச்சு, எங்க பிழைச்சதெண்டு நீ காட்டினாயாம்.

ஊருக்கு நீ கொண்டுவந்த சாமான் அது ஒண்டுதான். ஆட்டம் முடிஞ்சா தோத்தவ முதல்ல கதைக்க வேணும். வெண்டவ வாயைப் பொத்திக்கொண்டு கேக்க வேணும். அந்த உஸ்பெக் மனிசியைப் பற்றி நீ கதைக்கேக்க உன்ட முகம் ஒரு மாதிரி மலரும். முகம் தெரியாத அந்த மனிசியிலயும் எனக்கு எரிச்சல்தான். என்னட்டத் தோத்திருந்தா என்னைப் பற்றியும் அப்பிடிச் சொல்லியிருப்பியா?

வாவிக்கரையில உன்ட வீடு. எங்கட பக்கத்தில வீடு பொம்புளப்பிள்ளைக்குத்தானே, கலியாணம் கட்டாட்டியும் உன்ட அம்மா உனக்கே எழுதித் தந்தா. அந்த விறாந்தையில ஞாயிறு காலமை வகுப்பு. என்ட மகள் வேணுகாவையும் நான்தான் கூட்டிவந்து விட்டன். போன முதல் நாளே "மாமி சொன்னா" எண்டு தொடங்கினாள். மாமி சொன்னா பாவக்காய் தின்பாள். நான் சொன்னா தட்டைத் தள்ளி வைப்பாள்.

சுனாமியில கடல் ஊருக்குள்ள வந்த ஞாயிறும் உன்ட வகுப்புத்தான். தேற்றாத்தீவில கடற்கரைப் பக்கம் என்ட வீடு. நான் வேலியோட இழுபட்டுப் போய் ஒரு பூவரசில சிக்கித் தப்பினன். மண்ணைத் துப்பித் துப்பி உன்ட வீட்டுக்கு வந்து சேர்ந்தன். பிள்ளைகள் எல்லாம் வளவுக்குள்ள நிக்குதுகள். ஒண்டுக்கும் கால் கூட நனையல்ல. அதில முக்கால்வாசி கடலோரத்துப் பிள்ளைகள். உன்ட வகுப்பு இல்லாட்டி என்ன நடந்திருக்கும் எண்டு ஊரே சொன்னது.

வேணுகா உன்ட இடுப்பைக் கட்டிப் பிடிச்சுக்கொண்டு நிண்டாள். நான் கையை நீட்டினன். அவள் உன்னை இன்னும் இறுக்கிப் பிடிச்சாள். சேறும் ரத்தமுமா நிண்ட என்னைப் பாத்துப் பிள்ளை பயந்திட்டாள், அவ்வளவுதான். விளங்கி என்ன? ஊரெல்லாம் செத்த வீடு, என்ட வீட்டில அத்திவாரம் மட்டும் கிடக்கு, நான் உன்ட வளவுக்குள்ள நிண்டு பொறாமைப்படுறன். இப்பிடியும் ஒரு பொம்புள இருப்பாளா எண்டு எனக்கே வெக்கமாப் போச்சு. ஆனா பொறாமை போகல்ல.

மறுகா உன்ட வீட்டிலதான் இருந்தம். உன்ட அண்ணன் கட்டார் நாட்டில வேலை. எங்களைப் பாரமெண்டு நீ ஒரு நாளும் ஒரு சொல் சொல்லல்ல, அதுவும் எனக்குச் சுட்டது. குசினி யன்னலால ஒவ்வொரு ஞாயிறும் உன்ட வகுப்பைப் பாத்தன். படிக்கப் பாக்கல்ல, பிழை பிடிக்கத்தான் பாத்தன். நீ ராணிக்கு முன்னால நிக்கிற சிப்பாயைத்தான் முதல்ல தள்ளுவாய். யோசிக்கேக்க இடது காதைப் பிடிச்சு இழுப்பாய். பிள்ளை அவசரப்பட்டா "எந்தப் பஸ்ஸைப் பிடிக்கப் போறாய்?" எண்டு கேப்பாய். குழம்பு அடிப்பிடிச்சாலும் நான் யன்னலை விட்டு அசையமாட்டன்.

வாகரைச் சனம் சண்டைக்குப் பயந்து இடம்பெயர்ந்து வந்து கூடாரத்தில கிடந்தப்ப அங்கயும் பலகையைத் தூக்கிக்கொண்டு போனாய். காய் காணாட்டி சோடா மூடியை வச்சு ஆட விட்டாய். சண்டைக்கெண்டு பிள்ளைகளைப் பிடிச்சுக்கொண்டு போயிடுவாங்கள் எண்டு தாய்மார் பயந்து செத்த காலம் அது. வகுப்பு முடிய ஒவ்வொண்டையும் அதுகள்ட வாசல் வரைக்கும் கொண்டுபோய் விட்டாய். சென்றியில சோதிக்க நிண்ட ஆமிக்காரங்கள் பெட்டியைத் திறந்து குதிரையைத் தூக்கித் தூக்கிப் பாப்பாங்களாம். நீ வாற நேரம் பாத்து ஒவ்வொரு வாசலிலயும் பிளேன்டீ ஊத்தி வச்சிருப்பினம். ஊரில அத்தனை தாய்மாரும் உன்னைக் கும்பிட்டினம். நான் மட்டும்தான் கும்பிடல்ல.

யுத்தம் முடிஞ்சுதெண்டு றோட்டில வெடி கொளுத்தின கிழமை நீ நோய் முத்தி ஆஸ்பத்திரிக் கட்டில்ல கண் திறக்காமக் கிடந்தாய். வெடிச் சத்தம் கேட்டதும் வேணுகா ஓடிப்போய் உன்ட காதைப் பொத்தினாள். தன்ட காதைப் பொத்தல்ல. ரெண்டு நாளில நீ போயிட்டாய்.

இப்ப நீ பாக்க வேணும் மச்சாள். கொழும்பு பஸ்ஸில ஏறினா சோதனைக்கு இறங்கி ஏறாமப் போகலாம். பாலங்களில நிண்டு சனம் படம் எடுக்குதுகள். பிள்ளைகளை எந்தப் போட்டிக்கும் பயமில்லாமக் கூட்டிப்போற காலம் வந்திருக்கு. கூட்டிப்போக நீதான் இல்ல.

நீ போனதில இருந்து வேணுகா பலகையைத் தொடல்ல. வகுப்புப் பிள்ளைகள் ஞாயிறு வந்து வாசலில நிண்டுபோட்டுத் திரும்பிப் போகுதுகள். பெரியவள் அவள்தான், அவள் குந்தினாத்தான் மற்றதுகளும் குந்தும். சோத்தைக் கிண்டிப்போட்டு எழும்பிப் போறாள், சிரிப்பே இல்ல. உள்ளதைச் சொல்லுறன். நான் செத்தாலும் இப்பிடி இருப்பாளா எண்டுதான் எனக்கு முதல்ல வந்த நினைப்பு. என்ட பிள்ளை கண்ணுக்கு முன்னால கரைஞ்சு போறாளே எண்ட பயம் அதுக்குப் பிறகுதான் வந்தது.

போன ஞாயிறு விறாந்தையில பாயை விரிச்சுப் பலகையை வச்சு, காயை அடுக்கினன். வேணுகா பாத்துக்கொண்டு நிண்டாள். ராணிக்கு முன்னால இருந்த சிப்பாயைத் தள்ளினன். இடது காதைப் பிடிச்சன். "நிண்டுகொண்டு எந்தப் பஸ்ஸைப் பிடிக்கப் போறாய்?" எண்டன்.

அவள் என்னை நிமிந்து பாத்தாள். மெல்ல வந்து குந்தினாள். பாதி ஆட்டம் மட்டும் நான் உன்ட ஆட்டத்தை ஆடினன், ஒரு காயும் பிசகல்ல. அவள் அழுது அழுது ஆடினாள். அதுக்கு மேல உன்ட ஆட்டம் எனக்குத் தெரியாது. நான் நானாத்தான் ஆடினன், தோத்தன்.

தோத்தவதானே கதைக்க வேணும். "இஞ்ச கோட்டையை அவசரப்பட்டு நகத்திட்டன்" எண்டு காட்டினன்.

"இல்லம்மா, அதுக்கு முதலே பிழைச்சிட்டு" எண்டாள்.

"வெண்டவ வாயைப் பொத்து" எண்டன். சிரிச்சாள் மச்சாள். ஒரு வருசத்துக்குப் பிறகு பல்லுத் தெரியச் சிரிச்சாள்.

காயைப் பெட்டியில போட்டுக்கொண்டே, என்னைப் பாக்காம, "அடுத்த ஞாயிறும் ஆடுவமா, மாமி?" எண்டு கேட்டாள்.

தான் மாமி எண்டு சொன்னது அவளுக்குத் தெரியாது. திருத்தலாம் எண்டு வாயெடுத்தன். பிறகு, "ஓம் மனே, ஆடுவம்" எண்டன்.

அதனால சொல்லுறன், ஞாயிறு வகுப்பை நான் நடத்துவன். உனக்காக எண்டு நினைச்சுப் பெருமைப்படாத. அவள் மாமி எண்டு வாய்தவறிக் கூப்பிடுற நேரமெல்லாம் நான் திரும்பிப் பாப்பன், ஓம் எண்டும் சொல்லுவன். அவ்வளவுக்கு உனக்கு விட்டுத்தாறன். அதுக்கு மேல ஒரு சாணும் தரமாட்டன்.

உன்ட மச்சாள்,
வேணுகாட அம்மா,
நேசமலர்