கரையோரமாக ஒரு தடவை

தெசென்சானோ,
4 அக்டோபர் 1931

அன்புள்ள மகன் ஃபாவுஸ்தீனோவுக்கு,

அம்மா காத்தரீனா ஆசீர்வதித்து எழுதுவது. இங்கே அப்பா, நான், உன் தங்கை எர்சீலியா மூவரும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம். கடலுக்கு அப்பால் அந்தக் கோதுமைச் சமவெளியில் நீயும் அப்படியே இருக்க வேண்டும் என்று தினமும் ஜெபிக்கிறேன். நான்கு பேர் உள்ள வீட்டில் மூவர் என்று ஏன் சொன்னேன் என்று பதறாதே, உன் தம்பி பத்தீஸ்தா உயிரோடுதான் இருக்கிறான். நன்றாக இருக்கிறான் என்று மட்டும் என்னால் எழுதச் சொல்ல முடியவில்லை. வழக்கம்போல் நான் சொல்லச் சொல்ல எர்சீலியா எழுதுகிறாள், எனக்கு விளங்காத இடங்களில் அவள் படித்ததைச் சேர்த்துக்கொள்கிறாள், நானும் விட்டுவிட்டேன்.

நீ கப்பலேறிய வருஷம் வெனிஸ் பந்தயத்தில் நம் நாட்டு மிதவை விமானங்கள் மூன்றும் பாதியிலேயே ஒதுங்கியதும் இங்கிலாந்துக்காரர்கள் கோப்பையைக் கொண்டுபோனதும் உனக்குத் தெரியும். அதற்கடுத்த பந்தயத்திலும் அவர்களே ஜெயித்தார்கள். மூன்றாவது முறையும் ஜெயித்தால் கோப்பை நிரந்தரமாக அவர்களுக்கே என்பது விதி, அதனால் இந்த வருஷம் ஏரிக்கரை விமானக் கொட்டகையில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை, தூங்கவில்லை. போருக்கு முன் இந்தப் பந்தயம் தொடங்கியபோது விமானம் என்றால் மரச்சட்டமும் துணியும் கம்பியும்தானாம். காற்றுக்குத் தடையாக இருந்ததையெல்லாம் வருஷத்துக்கு வருஷம் செதுக்கித் தள்ளி இப்போது வாளைமீன் மாதிரி ஆக்கிவிட்டார்கள் என்கிறாள் எர்சீலியா. எஞ்சினைக் குளிரவைக்கும் தண்ணீர்கூட இறக்கையின் தகட்டுக்கு அடியில்தான் ஓடுகிறது. புதிய விமானத்தில் ஒன்றின் பின் ஒன்றாக இரண்டு எஞ்சின்கள், மூக்கில் இரண்டு விசிறிகள், ஒன்று வலப்பக்கம் சுற்றினால் மற்றது இடப்பக்கம், அப்போதுதான் ஒரு மிதவை மட்டும் தண்ணீரில் அமுங்காதாம். அந்த எஞ்சினைக் கவனிக்கும் வேலை பத்தீஸ்தாவுக்கு. அவன் எவ்வளவு பெருமையாக இருந்தான் என்று நீ பார்த்திருக்க வேண்டும்.

அதை ஓட்டியவர் லெப்டினன்ட் மல்வேத்ஸி, எமிலியா மாகாணத்துப் பிள்ளை. ஞாயிற்றுக்கிழமைகளில் நம் வீட்டில்தான் சாப்பாடு. என் பொலென்தா சோளக்களியை இரண்டாம் முறை கேட்டு வாங்குவார், பிறகு தன் இடுப்பைத் தடவி, “அம்மா, இன்னொரு கரண்டி போட்டீங்கன்னா நாளைக்கு அந்தக் குழிக்குள்ள நான் நுழைய முடியாது, உங்க பையன்தான் சோப்புப் போட்டுத் திணிக்கணும்” என்பார். அவ்வளவு ஒடுக்கமான இடத்தில் உட்கார்ந்துதான் ஓட்டுவார்கள்.

ஜூலையிலிருந்தே அவர் ஒரு குறை சொல்லிக்கொண்டிருந்தார். முழு வேகத்தில் போகும்போது எஞ்சின் இருமுகிறது, மூக்கருகே வெடிக்கிறது என்று. இறக்கிக் கரையில் சங்கிலியால் கட்டி ஓட்டினால் ஒரு குறையும் இருக்காது. தலைமை எஞ்சினியர் எல்லோர் முன்னிலையிலும், “என்ன லெப்டினன்ட், உங்க காதுக்கு மட்டும் இருமுதா? கல்யாணத்துக்கு நாள் குறிச்சவன் காதுல எல்லாமே வெடிச் சத்தம்தான்” என்று சிரித்தாராம். பத்தீஸ்தாவுக்குப் பொறுக்கவில்லை. அவன்தான் லெப்டினன்டைத் தனியாகக் கூப்பிட்டு, “நாளைக்கு ஒரே ஒரு தடவை கரையோரமா, கொட்டகைக்கு முன்னாடி தாழ வாங்க சார். முழு வேகத்துல வாங்க. அவங்க காதாலேயே கேக்கட்டும், அப்புறம் யாரு சிரிக்கிறாங்கன்னு பாப்போம்” என்றிருக்கிறான். அவரும் அவன் முதுகில் தட்டி, “சரிடா, உனக்காக ஒரு தடவை” என்றாராம்.

மறுநாள் ஏரி கண்ணாடிபோல் அசையாமல் கிடந்தது. அப்படிக் கிடந்தால் மிதவைகள் தண்ணீரை விட்டு எழும்பாது என்று வழக்கம்போல் மோட்டார் படகுகளை ஓடவிட்டு அலை கிளப்பினார்கள். அவர் எழும்பினார், சுற்றினார், சொன்னபடியே தாழ வந்தார். எல்லோரும் அந்த வெடிச் சத்தத்தைக் கேட்டார்கள், மகனே. எஞ்சினியரும் கேட்டார். உயரத்தில் இருந்திருந்தால் சமாளிக்க அவருக்கு இடம் இருந்திருக்கும், அங்கே இல்லை, விமானத்தோடு ஏரியில் விழுந்தார். இதற்கு மேல் எர்சீலியாவை எழுதவைக்க எனக்கு மனமில்லை, அவள் அன்று கரையில் நின்றிருந்தாள்.

அடுத்த வாரம் அப்பாவின் மீன் வலையில் இறக்கைத் தகடு ஒன்று வந்தது, நம் மேசை அகலம். அதைக் கொட்டகை வாசலில் வைத்துவிட்டு வந்து, இரண்டு நாள் அவர் ஏரிக்குப் போகவில்லை. பத்தீஸ்தா யாரிடமும் பேசுவதில்லை. சாப்பிடும்போது மேசையை விரல்களால் தட்டுகிறான், இரண்டு எஞ்சின் ஓடுகிற தாளத்தில், சட்டென்று நிறுத்திவிட்டுக் காது கொடுக்கிறான்.

சென்ற மாதம் இங்கிலாந்துக்காரர்கள் நம்மவர்கள் போகாததால் எதிரியே இல்லாமல் தனியாகப் பறந்து கோப்பையை எடுத்துக்கொண்டார்கள். பந்தயம் முடிந்தது, இனியாவது விடுவார்கள் என்று நினைத்தேன். இல்லை, இப்போது உலக வேகச் சாதனைக்காம். போட்டிக்கு ஆளே இல்லாமல் கடிகாரத்தோடு போட்டி. திங்கட்கிழமை புது விமானி வருகிறார். பத்தீஸ்தா நேற்று ஒருவழியாக வாய் திறந்து, “அம்மா, எனக்குக் காரணம் தெரிஞ்சுபோச்சு. கரையில காத்து சும்மா நிக்குது, மேல அந்த வேகத்துல காத்து எஞ்சின் வாயில இடிச்சு நுழையுது. கரையிலேயே அதே வேகத்துல காத்தை ஊதி ஓட்டிப் பாக்கணும். சொன்னேன், பாக்கலாம்னு சொல்லிட்டுப் போயிட்டாங்க” என்றான். இதெல்லாம் யாருக்காக என்று கேட்டேன். “அடுத்த சண்டைக்கும்மா. மிதவையக் கழட்டிட்டு, இதே மூக்கு, இதே இறக்கையோட சண்டை விமானம் வரும் பாரு” என்றான். அப்பா எழுந்து வெளியே போய்விட்டார்.

ஃபாவுஸ்தீனோ, உன்னிடம் கேட்பது ஒன்றுதான். அவனை அங்கே கூப்பிட்டுக்கொள். இன்னொரு விமானிக்கு அவன் இருக்கை வாரை இறுக்கிக் கட்டி, அவருக்கும் ஏதாவது ஆனால் என் பிள்ளை எனக்கு இல்லை. ஏற்கெனவே ஒருவனைக் கடலுக்கு அப்பால் அனுப்பிவிட்டு இருக்கிறேன், இருந்தும் கேட்கிறேன். நான் சொன்னேன் என்று எழுதாதே, வரமாட்டான். டிராக்டர் பட்டறையில் உன்னால் தனியாக முடியவில்லை, கை வலிக்கிறது, தம்பி வேண்டும் என்று எழுது. வந்தால் எஞ்சினைப் பற்றி நீயாகக் கேட்காதே. கடிதத்தில் விமானம் என்ற சொல்லே வேண்டாம், அரசாங்கத்தார் தபாலைப் பிரித்துப் பார்க்கிறார்கள், அதனால்தான் இதைக் கப்பலில் வருகிற தெரிந்தவர் கையில் கொடுத்தனுப்புகிறேன்.

கம்பளிச் சட்டையை அங்கே வெயில் வந்துவிட்டது என்று தூக்கி எறியாதே. பூசைக்குப் போ. எங்கள் இருவரின் ஆசியும் உன்னோடு எப்போதும் இருக்கும்.

உன் அம்மா,
காத்தரீனா

அண்ணா, இது எர்சீலியா. அம்மா கையெழுத்துப் போட்டுவிட்டுப் படுக்கப் போன பிறகு பத்தீஸ்தா அண்ணன் வந்து எதிரில் உட்கார்ந்தான். யாருக்கு எழுதுகிறாய் என்று கேட்டான், சொன்னேன். நான் கையால் தாளை மறைத்ததை அவன் கவனிக்காத மாதிரி இருந்தான். பிறகு, “அண்ணன் ஊர்ல ஏரி கீரி ஏதாவது இருக்கான்னு கேளு” என்றான். ஏன் என்று கேட்டதும் மேசையைத் தட்டத் தொடங்கினான். தயவுசெய்து இல்லை என்று எழுதுங்கள், அண்ணா, அப்போதுதான் அவன் வருவான். இருந்தாலும் இல்லை என்று எழுதுங்கள்.