கொட்டிப் போன மட்டிச் சாறு

என்னங்க,

அடுப்பு மேல சட்டியில இருந்தது அழுக்குத் தண்ணி இல்ல. மட்டிச் சிப்பி வெந்த சாறு! மண் போகத் துணியில வடிகட்டி வெச்சிருந்தேன். சூப்புக்கு ருசியே அதுதான். அதைச் சிங்க்ல ஊத்திட்டு நிம்மதியா தூங்குறீங்க.

மட்டிச் சதை ஃப்ரிட்ஜ்ல இருக்கு, உருளைக்கிழங்கு வெந்தாச்சு. வெங்காயத்தை வெண்ணெயில வதக்கி, பாலை ஊத்தி மிச்சத்தை நீங்களே செய்ங்க. க்ரீமைக் கடைசியில, அடுப்பை அணைச்சிட்டு ஊத்துங்க, கொதிச்சா திரிஞ்சிடும். சாயங்காலம் உங்க அக்கா வருவாங்க. சூப் ஏன் சப்புன்னு இருக்குன்னு அவங்களுக்கு நீங்களே சொல்லுங்க. எனக்கு எடுத்து வைக்க வேண்டாம்.

டியூட்டிக்குப் போறேன்.

பி.கு.: "கல்யாணமாகி ஒரு சட்டி கழுவியிருக்கீங்களா?"ன்னு நேத்து கத்தினது நான்தான். அதுக்குன்னு, கழுவ இந்தச் சட்டிதான் கிடைச்சுதா? அது என்னவோ பளபளன்னு இருக்கு, நிம்மதியா திட்டக்கூட முடியல. எனக்கும் ஒரு கிண்ணம் வைங்க.