தெர்மல் ட்ரிப் ஆன கதை

ஏப்ரல் 21, 2025, திங்கள்

நேற்று ஈஸ்டர். ஆட்டுக்கறி நான்கு கிலோ. அதை வெல்ல வந்த படை ஒன்பது பேர். என் மனைவி கனகம் வடித்த சோற்றுக்குண்டானின் உயரம் ஏறக்குறைய எங்கள் நெய்வேலி தெர்மல் மின்நிலையத்தின் புகைபோக்கிக்குச் சமம். போர் முடிந்து எல்லோரும் சாய்ந்து கிடந்தபோது தங்கை மகள் ஆனி வழக்கம்போல், "மாமா, தெர்மல் ட்ரிப் ஆன கதை சொல்லுங்க" என்றாள். கன்வேயர் பெல்ட்டுகளின் காவலனும் பத்தொன்பதாவது பிளாக்கின் ஆஸ்தானப் புளுகனுமாகிய ஃபெலிக்ஸ் மாமா தொண்டையைச் செருமினேன்.

கதை எல்லோருக்கும் மனப்பாடம். 1995, மே மாதம். என் தங்கை எவாஞ்சலினுக்குப் பதின்மூன்று வயது. டிவியில் மாட்டி ஆடும் வீடியோ கேம் பெட்டியில் தவளை வீரனை மூன்று நாளாக நடத்திப் போய், கடைசி ஸ்டேஜான பன்னிரண்டில் நிறுத்தி வைத்திருந்தாள். அந்தப் பெட்டிக்கு ஞாபகசக்தி கிடையாது. அணைத்தால் மறுபடி ஒன்றாவது ஸ்டேஜ்தான். மற்ற ஊர்ப் பிள்ளைகள் ஒரே மூச்சில் ஆடிச் சாக வேண்டும். நாங்கள் நெய்வேலி ராஜவம்சம், கரண்டே போகாத குலம். ஸ்டார்ட் பட்டனை அமுக்கி ஆட்டத்தை அப்படியே நிறுத்திவிட்டு, டிவியை மட்டும் அணைத்துவிட்டு, தின்று, தூங்கி, கோயிலுக்கும் போய்வந்து மறுநாள் தொடருவோம். பெட்டியின் சிவப்பு விளக்கு மட்டும் எரிந்துகொண்டே இருக்கும்.

மூன்றாம் நாள் நாலு மணிக்கு முதலை ராஜாவைக் கொல்லப் போகிறேன், வந்து பாருங்கள் என்று எவா பிளாக் முழுக்கச் சொல்லிவிட்டாள். பதினெட்டுப் பிள்ளைகள் வந்தார்கள். டிவியைப் போட்டால் ஆரம்ப மெனு. "தெர்மல்ல யூனிட் ட்ரிப் ஆயிடுச்சு, ரெண்டு செகண்ட் கரண்ட் போச்சு" என்று நான் அறிவித்தேன். அந்த ரெண்டு செகண்ட் வருடா வருடம் வளர்ந்து, நேற்றைய பதிப்பில் பெங்களூர் வரை இருண்டுவிட்டது, நிலக்கரி மைன்ஸில் ராட்சத எந்திரம் மண்ணைக் கவ்வியபடி நின்று விக்கி விக்கி அழுதது. எல்லோரும் புரண்டு சிரித்தார்கள். அப்பாவும் சிரித்தார். எவா வழக்கம்போல் பாதியில் எழுந்து வெளியே போய்விட்டாள்.

கிளம்பும்போது ஆனி என் காதருகே வந்து கேட்டாள்: "மாமா, அம்மா நெஜமாவே பன்னெண்டாவது ஸ்டேஜ் போனாங்களா? இல்ல அதுவும் நீங்க சேத்ததா?"

பெத்த பொண்ணே கேக்குது.

ட்ரிப்பும் ஆகல, ஒரு மண்ணும் ஆகல. சுவிட்சைத் தட்டி அணைத்து, திரும்பப் போட்டவன் நான்தான். எனக்கு ஏழாவது ஸ்டேஜையே தாண்ட வராது. பதினைந்து வயது அண்ணன், பதினெட்டுப் பேருக்கு முன்னால் — அவ்வளவுதான் காரணம். அதற்குப் பிறகு பிளாக்கில் அவள் பெயர் 'டூப் எவா'. பன்னிரண்டுக்குப் போனேன் என்று அவள் சொன்னதை ஒருத்தனும் நம்பவில்லை. ஊரறிந்த புளுகன் நான் சொன்னதை நம்பினார்கள். அவள் அந்தப் பெட்டியை மறுபடி தொடவே இல்லை.

ஏப்ரல் 24, வியாழன்

சபதம். மே 18 அப்பாவுக்கு எண்பது வயது. திருச்சியிலிருந்து எவா வருவாள். அதற்குள் அதே தவளையை, அதே பன்னிரண்டாவது ஸ்டேஜில், அதே மூன்று உயிரோடு நிறுத்தி அவள் கையில் கொடுத்து, உண்மையைச் சொல்லிவிடுவேன். வானம் இடிந்தாலும். வானம் இடிந்தால் நல்லதுதான், சொல்ல வேண்டியிருக்காது.

பரணிலிருந்து பெட்டியை இறக்கி மந்தாரக்குப்பத்தில் ஹாமித்தின் செல்போன் கடைக்கு எடுத்துப் போனேன். என்னோடு பள்ளியில் படித்தவன். திறந்து பார்த்தான்.

"இது செத்து பதினஞ்சு வருசம் ஆயிருக்கும்பா. இத்தினி நாளா பொணத்தயா வச்சிக்கினு இருந்த? எமுலேட்டர் போடு."

"அது என்ன மருந்து?"

"சாஃப்ட்வேர். ஒன் லேப்டாப்பு இந்தப் பெட்டியாட்டம் நடிக்கும்."

"எவ்ளோ நேரம் நடிக்கும்?"

"ஒன்ன மாதிரிதான், நாள் பூரா."

பெட்டியில் செருகி ஆடும் கேம் கேசட்டைச் செருகினால் உள்ளே உள்ளதைப் படித்து லேப்டாப்பில் ஃபைலாக இறக்கும் ஒரு டப்பா உண்டாம். வரவழைக்கச் சொல்லியிருக்கிறேன்.

ஏப்ரல் 29, செவ்வாய்

டப்பா வரவில்லை. கனகம்: "நாப்பத்தஞ்சு வயசுல தவளைக்கா வாசலப் பாத்துக்கினு நிப்பீங்க?"

மே 3, சனி

வந்தது! கேசட்டின் மேல் '9,99,999 கேம்கள்' என்று அச்சிட்டிருக்கிறது. உள்ளே இருப்பது ஏழு. என் ரத்த சொந்தம்.

முதலில் மரபுப்படி கேசட்டின் வாயில் ஊதினேன். திரை இருட்டு. சூறாவளி போல் ஊதினேன். இருட்டு. கடைசியில் காது குடையும் பஞ்சில் ஸ்பிரிட் தொட்டு அதன் செம்புப் பல்லைத் தேய்த்துவிட்டேன்; முப்பது வருட அழுக்கு கரி போல வந்தது. ஃபைல் இறங்கியது. எமுலேட்டரில் திறந்தால் — வந்துவிட்டான், என் பச்சைப் பயல்! ஆனால் லேப்டாப் திரையின் அகலத்துக்கு இழுத்துக்கொண்டு, தவளை எருமையாக நின்றான். படத்தின் அளவை நாலுக்கு மூன்று என்று மாற்றினேன், இளைத்தான். பழைய டிவியின் கோடுகள் வருகிற மாதிரி ஒரு அலங்காரமும் இருக்கிறது, அதையும் போட்டேன். ஜாய்ஸ்டிக்கில் குதிக்கிற பட்டனும் சுடுகிற பட்டனும் இடம் மாறிக்கிடந்தன. எதிரியைப் பார்த்துச் சுட வேண்டிய நேரத்தில் மரியாதையாகக் குதித்து அவன் மடியிலேயே விழுந்தேன். நான்கு நொடியில் மரணம்.

மே 4, ஞாயிறு

ஏதோ சரியில்லை. தவளை தலைதெறிக்க ஓடுகிறது. பாட்டு கீச்சுக் கீச்சென்கிறது. எனக்கு வயதாகிவிட்டதா, தவளைக்கு வயது குறைந்துவிட்டதா? காலையெல்லாம் மண்டையை உடைத்துக்கொண்டிருந்தேன். பூசை முடிந்து வந்த அப்பா என் தோளுக்கு மேலே குனிந்து இரண்டு நிமிடம் பார்த்தார்.

"எத்தினி ஹெர்ட்ஸுல ஓட்ற?"

"என்னப்பா ஹெர்ட்ஸு?"

"நம்ம கரண்டு அம்பது ஹெர்ட்ஸுடா. நம்ம டிவியும் அதுக்கு ஏத்தாப்புல அம்பது. அமெரிக்காக்காரனுக்கு அறுபது. நமக்கு வந்த பெட்டி அம்பதுக்குச் செஞ்சது. இது அறுபதுல ஓடிக்கினு இருக்குது, அதான் நாய் தொரத்தற மாறி ஓட்றான்."

செட்டிங்கில் தேடினேன். நாடு எது என்று கேட்கிற இடத்தில் ஐம்பதுக்கும் வழி இருந்தது. மாற்றினேன். பாட்டு இறங்கி வந்து தன் இடத்தில் உட்கார்ந்தது. அந்த 1995 மே மாதம் முழுக்க வீட்டுக்குள் வந்துவிட்டது. அம்மா குழம்பு தாளிக்கிற சத்தம்கூடக் கேட்டதென்று சொன்னால், இந்த ஒருமுறை அது புளுகு இல்லை. அப்பா நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். இரண்டு ஸ்டேஜ் பார்த்தார். பிறகு:

"அன்னிக்கி ட்ரிப் ஒண்ணும் ஆவலடா."

என் தவளை பள்ளத்தில் விழுந்தது.

"முப்பத்தஞ்சு வருசம் தெர்மல் சுவிட்ச்யார்டுல நின்னவன். என் ஷிப்ட்டுல ட்ரிப் ஆனா எனக்குத் தெரியாதா? நான்தான்டா அணைச்சேன். மத்தியானம் பி ஷிப்ட்டுக்குக் கெளம்பறப்ப கைப்பழக்கம், எல்லா சுவிட்சையும் தட்டி வுட்டேன். ஒங்கம்மா படுத்துக்கினு இருந்தா, ஃபேனு ஃபேனுன்னு கத்தனா. திரும்பப் போட்டேன். அதுல போயிருக்கும். ராத்திரி திரும்பி வந்தப்ப பாப்பா ட்ரிப்பாப்பான்னு கேட்டுச்சு. ஆமாம்மான்னுட்டேன். அழுதுக்கினு நின்ன புள்ளகிட்ட நான்தான்னு சொல்ல வாய் வர்ல."

அப்பா வீட்டை விட்டுக் கிளம்பியது ஒன்றரை மணிக்கு. மூன்று மணிக்கு நான் போய் நின்றபோது சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. டிவியைப் போட்டுப் பார்த்தேன். பன்னிரண்டாவது ஸ்டேஜ் நின்றுகொண்டிருந்தது. அப்பா கை பட்டது ஃபேன் சுவிட்சில் மட்டும்தான். இது உலகத்தில் எனக்கு ஒருத்தனுக்குத்தான் தெரியும்.

சொல்ல வேண்டியது ஒரே ஒரு வாக்கியம். "டீ போடட்டாப்பா?" என்று கேட்டேன்.

மே 5, திங்கள்

வருசா வருசம் சிரிச்சாரே. நான் பெங்களூர இருட்டாக்கறப்பலாம் சிரிச்சாரே. என்னத்த நெனச்சு சிரிச்சாரு?

மே 10, சனி

இதுவரை இறந்த எண்ணிக்கை 214. ஏழாவது ஸ்டேஜில் மட்டும் 160. ஒரு ஆந்தை என் குலத்தையே கருவறுக்கிறது. எமுலேட்டரில் ஒரு மாயம் உண்டு: நினைத்த இடத்தில் ஆட்டத்தை அப்படியே சேமித்துவிட்டு, செத்தால் அதே இடத்தில் உயிர்த்தெழலாம். நான் மூன்று அடிக்கு ஒரு தடவை சேமிக்கிறேன். எவாவுக்கு இதெல்லாம் இல்லை. மூன்று உயிர், பத்து விரல். பதின்மூன்று வயதில் அவள் செய்தது எவ்வளவு பெரிய காரியம் என்று இப்போதுதான் உறைக்கிறது. ஆனியிடம் இதைச் சொல்ல வேண்டும்.

கனகத்திடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். "மொதல்ல மாமாகிட்ட சொல்லுங்க. எண்பது வயசு, அப்பறம்னு தள்ளிக்கினு போற வயசில்ல" என்றாள். பதினெட்டாம் தேதி இரண்டு பேரிடமும் சேர்த்துச் சொல்கிறேன் என்றேன். ஒருமுறை சொல்லவே தைரியம் இருக்கிறது, இரண்டு முறைக்கு இல்லை.

மே 15, வியாழன்

பன்னிரண்டு. மூன்று உயிர். முதலை ராஜா எதிரே நிற்கிறான். பாதி உடம்பு திரைக்கு வெளியே. சேமித்தாயிற்று.

மே 17, சனி

நாளை. லேப்டாப்புக்கு நிறைய சார்ஜ் போட்டு வைத்தேன்.

மே 18, ஞாயிறு

அலங்காரமில்லாமல் எழுதுகிறேன்.

கேக் வெட்டி முடித்ததும் லேப்டாப்பைத் திறந்து எவா முன்னால் வைத்தேன். திரையைப் பார்த்தாள். அவள் முகம் ஒரு நொடி பதின்மூன்று வயதுக்குப் போய்வந்தது. "இது எப்படிண்ணா?" என்று சிரித்தாள். அந்தச் சிரிப்பு இருக்கும்போதே சொல்லிவிட்டேன். ட்ரிப் ஆகவில்லை. அப்பாவும் அணைக்கவில்லை. நான்தான், மூன்று மணிக்கு, வேண்டுமென்றே.

அப்பா, "அப்ப நான் அணைக்கலியா?" என்றார்.

"இல்லப்பா."

"நான் அணைக்கல" என்று தனக்குத்தானே ஒருமுறை சொல்லிப் பார்த்துக்கொண்டார். பிறகு கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார். துடைத்துக்கொண்டே இருந்தார்.

எவா அவரையே பார்த்தாள். அப்பாவுக்கும் இப்படி ஒரு பாரம் இருந்தது என்று அவளுக்கு அப்போதுதான் தெரிந்தது. என் பக்கம் திரும்பினாள்.

"என்ன டூப்புன்னாங்க, சரி, சின்னப் புள்ளைங்க. நீ வருசா வருசம் அத காமெடியா சொல்லிச் சொல்லி என்னையும் அப்பாவையும் உக்கார வச்சு எல்லாரையும் சிரிக்க வச்சியேடா. அம்மா போறப்பகூட நான் டூப்பு வுட்டேன்னுதான் நெனச்சிக்கினு போச்சு, தெரியுமா ஒனக்கு?"

தெரியாது.

"இதுல நான் ஆடணுமா? நீ கொண்டாந்து நிறுத்தின எடத்துலேர்ந்து? என் பன்னெண்ட நீ எனக்குத் தானம் பண்றியா?"

லேப்டாப்பை மூடினாள். பிரியாணி அப்படியே இருந்தது. ஆனியைக் கூட்டிக்கொண்டு மூன்று மணி பஸ்ஸுக்கே போய்விட்டாள்.

மே 26, திங்கள்

ஆறு தடவை போன் செய்துவிட்டேன். எடுக்கவில்லை. அவள் ஆபரேஷன் தியேட்டர் நர்ஸ், வேலையாக இருப்பாள் என்று எனக்கே கதை சொல்லிக்கொள்கிறேன். அப்பா மட்டும் நன்றாகத் தூங்குகிறார்.

ஜூன் 1, ஞாயிறு

ஆனி போன். குரலைத் தாழ்த்திப் பேசினாள்: "மாமா, அம்மா அந்த கேம் ஃபைல மட்டும் கேட்டாங்க. நீங்க சேவ் பண்ணி வச்சது வேணாமாம். நான் கேட்டேன்னு சொல்லச் சொன்னாங்க, அவங்க கேட்டாங்கன்னு சொல்லக்கூடாதாம்."

அனுப்பினேன். என் பன்னிரண்டாவது ஸ்டேஜை அழித்தேன். அழிக்கலாமா என்று எமுலேட்டர் ஒருமுறை கேட்டது.

ஜூன் 12, வியாழன்

ஆனி: டூட்டி முடிந்து வந்ததும் அம்மா ஆடுகிறார்களாம். முதல் ஸ்டேஜிலிருந்து, மூன்று உயிர், சேமிப்பு இல்லை. ஒன்பதில் நிற்கிறார்களாம். "மாமா, அம்மா வெரல பாக்கணுமே நீங்க! நான் இவ்ளோ நாளா நம்பவே இல்ல மாமா" என்றாள். என்னைப் பற்றி அம்மா ஏதாவது சொன்னாளா என்று கேட்டேன். இல்லையாம்.

ஜூன் 23, திங்கள்

முத்தாண்டிக்குப்பத்தில் சித்தப்பா மகன் லியோவுக்குக் கல்யாணம். பந்திக்கு முன் மரத்தடியில் சொந்தமெல்லாம் நாற்காலிகளை வட்டமாகப் போட்டு, நடுவில் எனக்கொன்று போட்டார்கள். "அண்ணே, தெர்மல் கதை!" வட்டத்தின் அந்தப் பக்கம் எவா, அப்பா, ஆனி. எவா என்னோடு பேசி முப்பத்தாறு நாள்.

சொன்னேன். உள்ளது உள்ளபடி. மூன்று மணி, சுவிட்ச், என் பொறாமை, டூப் எவா என்கிற பெயர், அப்பா. பெங்களூர் இருளவில்லை. எந்த எந்திரமும் அழவில்லை. இரண்டு நிமிடத்தில் முடிந்துவிட்டது.

ஒருத்தரும் சிரிக்கவில்லை. பிறகு லியோ, "அண்ணன் இந்த வாட்டி சென்டிமென்ட்டா வுடுறாருப்பா" என்றான். எல்லோரும் சிரித்துக் கைதட்டினார்கள். நம்பவில்லை! வாழ்நாளில் முதல் தடவை பொதுவெளியில் ஒரு உண்மை சொல்கிறேன், ஒரு பயல் நம்பவில்லை. "சத்தியமாடா" என்றேன். இன்னும் பலமாகச் சிரித்தார்கள்.

எவா எழுந்தாள். போகப் போகிறாள் என்றுதான் நினைத்தேன். நேரே என்னிடம் வந்தாள்.

"அவன் சொல்றது நெஜம்" என்றாள் எல்லோரையும் பார்த்து. பிறகு என்னிடம், "ஆனா சொல்லத் தெரியல ஒனக்கு. எழுந்திரு."

எழுந்தேன். உட்கார்ந்தாள். முதல் ஸ்டேஜிலிருந்து ஆரம்பித்தாள். 1995-ஐச் சொன்னாள், போன வாரத்தையும் சொன்னாள். நடுவில் அப்பா, "நான் அணைக்கல, எல்லாரும் கேட்டுக்குங்க" என்று கையைத் தூக்கினார். ஆனி, "நான் பாத்தேன், பக்கத்துலயே இருந்தேன், முடிச்சாங்க" என்று சாட்சி சொன்னாள். முடித்ததும் என்ன வந்தது என்று லியோ கேட்டான். "நன்றின்னு ஒரே ஒரு வரி. அப்பறம் திரும்ப ஒண்ணாவது ஸ்டேஜ். இதுக்கா முப்பது வருசம்னு நானும் இவளும் தரையில உருண்டு சிரிச்சோம்."

அந்த முதலை ராஜா மூன்று பனைமர நீளமாம். அவன் வாலைச் சுழற்றினால் திருச்சி வீட்டு ஜன்னல் கண்ணாடி அதிர்ந்ததாம். முதலைக்கு வாலே வரையவில்லை, நான் பார்த்திருக்கிறேன். வாயைத் திறக்கவில்லை. கூட்டம் சேர்ந்துவிட்டது, காலி நாற்காலி இல்லை. பந்திக்குக் கூப்பிடும்வரை நின்றபடியே கேட்டேன்.