அங்க அடையாளங்கள்

கேட்டி, டெக்சாஸ்
ஞாயிறு

அன்புள்ள ஹம்சா அக்காவுக்கு,

யாமினி எழுதுவது. இங்கே நான், என் கணவன் யூவன், அப்பா மூவரும் நலம். சம்பிரதாயத்துக்குச் சொல்லவில்லை.

போனில் சொல்லியிருக்கலாம். பேசும்போதெல்லாம் அப்பா ஸ்பீக்கரைப் போடச் சொல்லிப் பக்கத்தில் உட்கார்ந்துகொள்கிறார். அதனால் கடிதம். அவர் ஊருக்குக் கிளம்பும்போது பெட்டியில் பாதாம் பாக்கெட்டுக்கு அடியில் வைத்துவிடுவேன்.

யூவனுக்கு வலக்கண்ணில் விழித்திரை கிழிந்தது உனக்குத் தெரியும். ஆபரேஷனுக்குப் பிறகு கதவு நிலை அவனுக்கு வளைந்து தெரிந்ததைச் சொல்லவில்லை. என் மூக்கும் வளைந்துதான் தெரிந்தது. எண்ணெய் வண்ணத்தில் முகம் வரைந்து பிழைப்பவனுக்கு.

அவன் ஊர் அபர்தீன், ஸ்காட்லாந்தில் கடலுக்குள் எண்ணெய் எடுக்கும் ஊர். அங்கே கடலில் எண்ணெய் தோண்டும் ரிக் ஆட்களின் முகங்களை வரைந்து பழகியவன். எண்ணெய்க் கம்பெனித் தலைவர்களை வரைய ஹூஸ்டனுக்கு வந்தான். எண்ணெய்க்காரர்களை எண்ணெயில் போடுவதுதான் தொழில் என்பான். அப்பாவிடம் மொழிபெயர்த்தேன். வடை சுடற மாதிரியா என்று கேட்டார்.

பிறகு கதவு நேரானது. டாக்டரும் சரியாகிவிட்டது என்றார். யூவன் மட்டும் பிரஷ்ஷைத் தொடவில்லை. வருகிற வேலைகளைத் திருப்பி அனுப்பினான். முகம் இனிமேல் பிடிபடாவிட்டால் என்ன செய்வது என்று ஒரு முறை கேட்டான். நான் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தேன். கழுவிக்கொண்டே இருந்தேன்.

அப்பாதான் உட்கார்ந்தார். கார் ஓட்டத் தெரியாது, ரோட்டில் நடந்தால் ஒரு ஆளைக் காணோம், சும்மாதான இருக்கறேன், என்னைப் போடச் சொல்லு அம்மிணி என்றார். பாஸ்போர்ட் போட்டோவுக்கு உட்கார்வதுபோல ஒரே விறைப்பு. தூங்கிப்போன பிறகுதான் தோள் தளர்ந்தது.

நேற்று படம் முடிந்தது. யூவன் அதை அப்பா பக்கம் திருப்பி வைத்துவிட்டுச் சமையலறைக்குள் போய்விட்டான்.

அப்பா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கிட்டே போனார். இடது கன்னத்தைத் தேடினார். மச்சம் இருந்தது. அப்புறம் வலக் காதுக்குக் கீழே, சுருக்கத்துக்குள். அப்படியொரு மச்சம் இருப்பது எனக்கே தெரியாது. அதுவும் இருந்தது.

எஸ்எஸ்எல்சி புத்தகத்தில போட்ட ரெண்டும் இருக்குது, இது நானேதான், மாப்பிள்ளைக்குக் கண்ணு ஒண்ணும் ஆகலை என்று வீடு முழுக்கக் கேட்கச் சொன்னார்.

மாப்பிள்ளை. கல்யாணமான நாளிலிருந்து அப்பாவுக்கு அவன் 'அவரு'தான்.

எங்கள் ஊரில் இன்னார் என்று நம்ப இரண்டு மச்சம் வேண்டும், பள்ளிச் சான்றிதழிலேயே எழுதிவிடுவார்கள் என்று யூவனுக்கு விளக்கினேன். சிரிப்பான் என்று நினைத்தேன். வெளியே வந்து இடக்கண்ணைப் பொத்திக்கொண்டான். வலக்கண்ணால் மட்டும் படத்தைப் பார்த்தான். அப்பாவைப் பார்த்தான். மறுபடி படத்தை.

பிறகு, திருப்பி அனுப்பிய கம்பெனிக்காரர் ஒருவருக்குப் போன் செய்தான்.

படம் இன்னும் காயவில்லை. பார்சலில் அனுப்புகிறோம். ஒன்று கேட்கிறேன் அக்கா. பவளம் சித்தி பார்த்த உடனே பொட்டு வைத்து, மாலை போட்டு, சின்ன பல்பும் மாட்டிவிடுவாள். விடாதே. அம்மா படத்துக்குப் பக்கத்திலும் வேண்டாம். டிவிக்கு மேலே மாட்டு. அப்பா கீழே உட்கார்ந்து கிரிக்கெட் பார்க்கட்டும், அம்பயரைத் திட்டட்டும். ரொம்ப வருஷத்துக்கு.

உன் தங்கை,
யாமினி